பஸ் கேமும் ‘ஆமாம்’ தட்டிய அண்ணனும்

லேப்டாப் சர்வீஸ் நாற்காலியில் புதிதாக வந்து உட்கார்ந்திருக்கும் உங்களுக்கு ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உங்கள் கைக்கு வரும் வேலைகளில் நீங்கள் கொஞ்சமும் மதிக்காமல் செய்யப்போவது “ஒரு கேம் ஏத்திக் குடுங்க” என்று கேட்டு வரும் வேலையைத்தான். திரை உடைந்து வந்தால் கண்ணாடியை மாட்டிக்கொண்டு உட்காருவீர்கள். கீபோர்டில் தண்ணீர் கொட்டியிருந்தால் பக்கத்தில் இருப்பவரை வாயை மூடச் சொல்வீர்கள். கேம் என்றால் மட்டும் ஒரு கையில் டீ கிளாஸ் இருக்கும்.

கள்ளக்குறிச்சி பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்து மாடியில் நான் லேப்டாப் பழுது பார்த்த காலம் முழுவதும் எனக்கு வந்த பெரிய தலைவலிகளில் பாதிக்கு மேல் இந்தச் சின்ன வேலை வழியாகத்தான் உள்ளே வந்தன. இப்போது கழுத்து எலும்பு ஒத்துழைக்கவில்லை. குனிந்தால் நிமிர முடிவதில்லை. என்னோடு வேலை செய்த சாதிக்கிடம் கடையை விட்டுவிட்டு வீட்டில் இருக்கிறேன். சாதிக் உங்களுக்கு எல்லாம் சொல்லிக் கொடுப்பார். எந்த பட்டனை அழுத்த வேண்டும் என்பதை அவரிடம் கேளுங்கள். எப்போது எதையும் அழுத்தாமல் இருக்க வேண்டும் என்பதை மட்டும் நான் சொல்கிறேன்.

எனக்கு முதலில் வேலை கொடுத்தவர் பேச்சில் மகா கஞ்சன். அந்த நாளில் ஊரில் எல்லாக் கடைக்கும் பொதுவாக ஒரு கேம் பென்டிரைவ் இருந்தது. சிவப்பு நூல் கட்டியிருக்கும். இந்தக் கடையில் கேட்டால் அந்தக் கடையில் இருக்கிறது என்பார்கள். ஏணியை இரவல் வாங்குவதுபோல் வாங்கிக்கொண்டு போய் ஏற்றிவிட்டுத் திருப்பிக் கொடுப்பார்கள். அதற்குள் யார் எதைப் போட்டார்கள் என்று யாருக்கும் தெரியாது, யாரும் கேட்டதும் இல்லை. என் முதலாளி அதைக் கடைக்குள் விடவில்லை.

ஒருமுறை ஒருவர் சண்டைக்கே வந்துவிட்டார். “பக்கத்துக் கடைல சும்மாவே ஏத்திக் குடுக்கறாங்க. உங்களுக்கு மட்டும் இன்னா வந்துச்சி?”

முதலாளி ஸ்குரூவைத் திருகிக்கொண்டே கேட்டார். “சும்மா குடுக்கறவனுக்கு அதுல இன்னா லாபம்? அத்த சொல்லு, நானும் ஏத்தறேன்.”

வந்தவர் லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டார். பக்கத்துக் கடைக்குப் போய்விட்டார். முதலாளிக்கு அதில் வருத்தமும் இல்லை. “கேம் பேரைக் கேக்காத. இந்த லேப்டாப்புல யார் பொழப்பு இருக்குதுன்னு மொதல்ல கேளு” என்றார் என்னிடம். உளுந்தூர்பேட்டை ஓட்டல்காரர் ஒருவர் பில் போடும் லேப்டாப்பிலேயே சீட்டு விளையாட்டு கேட்டபோது அவர் மறுத்ததும் இதனால்தான். அந்த ஓட்டலில் ராத்திரி பகலாக லாரிக்காரர்கள் சாப்பிட்டுக்கொண்டிருப்பார்கள். பில் நின்றால் கல்லா நிற்கும். விளையாட்டுக்கு ஒரு பழைய மெஷினைத் தனியாக வைத்துக்கொள்ளச் சொல்லி அனுப்பினார். அவ்வளவுதான் அவர் எனக்குக் கற்றுக்கொடுத்தது. அது போதுமானதாகவும் இருந்தது.

இனி வெங்கடேசன் விஷயத்துக்கு வருகிறேன். இதைத்தான் உங்களிடம் சொல்ல நினைத்தேன்.

வெங்கடேசனுக்கு வெள்ளிமலையைத் தாண்டி ஒரு சிற்றூர். கல்வராயன் மலையிலிருந்து பிக்கப் வண்டியில் மரவள்ளி, புளி, பலாப்பழம் என்று அந்தந்தப் பருவத்துக்குக் கிடைக்கும் லோடை ஏற்றிக்கொண்டு சின்னசேலம் பக்கம் இறக்குவார். முப்பதை நெருங்கிய ஆள். நாள் முழுக்கக் கொண்டை ஊசி வளைவுகளில் வண்டி ஓட்டிவிட்டு, வீட்டுக்குப் போய்த் தங்கையின் லேப்டாப்பில் மறுபடியும் கொண்டை ஊசி வளைவில் பஸ் ஓட்டுவார். அவருக்கு அப்படி ஒரு பஸ் கேம் பைத்தியம். பிற்பாடு நான் இதைச் சொல்லிக் கிண்டல் செய்தபோது, “பஸ்ஸு வேறக்கா. பின்னாடி ஜனம் ஒக்காந்துக்கினு இருக்கும்ல” என்றார்.

கலந்தாய்வுக் காலம் அது. ஒரு நாள் பதினோரு மணிவாக்கில் அவரும் தங்கை கோகிலாவும் மாடிப்படி ஏறி வந்தார்கள். கோகிலா அப்போதுதான் பிளஸ் டூ முடித்திருந்தாள். லேப்டாப்பை நெஞ்சோடு சேர்த்துப் பிடித்திருந்தாள்.

“அக்கா, என் மெயில் தொறக்க மாட்டேங்குது. பாஸ்வேர்டு தப்புன்னு சொல்லுது. நான் மாத்தவே இல்ல.”

“மெதுவா சொல்லும்மா. இன்னா அவசரம்?”

“கால்நடை டாக்டர் படிப்புக்கு எடம் வந்திருக்குது. இன்னிக்கு சாயங்காலத்துக்குள்ள காலேஜை உறுதி பண்ணணும். உள்ள போவணும்னா மெயிலுக்கு ஒரு நம்பர் அனுப்பறாங்க. மெயிலே தொறக்கலைன்னா நம்பரை எங்கேர்ந்துக்கா பாக்கறது?”

அவள் நிதானமாகத்தான் சொன்னாள். அண்ணன்தான் படபடத்தார். “எங்க பக்கம் மாட்டுக்கு ஒண்ணுன்னா டாக்டர் கீழேர்ந்து ஏறி வரணும்க்கா. இவ படிச்சுட்டு வந்தா...” என்று ஆரம்பித்து, முடிக்காமல் விட்டுவிட்டார்.

காலையில் கோகிலா பஸ் பிடித்துக் கீழே இறங்கி, கள்ளக்குறிச்சியில் தோழி வீட்டு வைஃபையில் லேப்டாப்பை இணைத்திருக்கிறாள். மலையில் அவர்கள் வீட்டில் சிக்னல் கிடையாது. மெயிலைத் திறந்தாள், திறந்தது. கொஞ்ச நேரத்தில் அதுவாகவே வெளியே தள்ளிவிட்டது. அதற்குப் பிறகு உள்ளே விடவில்லை. சின்னசேலத்தில் பலாப்பழம் இறக்கிக்கொண்டிருந்த அண்ணனுக்குப் போன் செய்ய, அவர் பாதி லோடை அப்படியே விட்டுவிட்டு வந்திருந்தார்.

சாதிக் லேப்டாப்பை வாங்கிப் பார்த்தார். ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை, “உள்ள ஏதோ பூந்திருக்குதுக்கா. ஃபார்மட் போட்டுடறேன்” என்று அதற்கான பென்டிரைவை எடுத்துவிட்டார்.

புதியவர்களே, நெருக்கடி வந்தால் நம் தொழிலில் எல்லாருடைய கையும் முதலில் போவது இங்கேதான். ஃபார்மட் போட்டால் மெஷின் சுத்தமாகும். போன மெயில் திரும்பி வராது. அவளுடைய சான்றிதழ்களை ஸ்கேன் செய்து வைத்திருந்ததும் அந்த லேப்டாப்பில்தான், அதுவும் போய்விடும். அன்று நம்மிடம் வந்திருந்தது மெஷின் இல்லை, சாயங்காலத்துக்குள் போய்விடக்கூடிய ஒரு படிப்பு. நான் லேப்டாப்பில் வைஃபையை அணைத்து, அதை மூடி, மேஜையின் அந்தக் கோடியில் தள்ளி வைத்தேன். “அத்த அப்புறம் பாத்துக்கலாம் சாதிக். இப்ப யாரும் தொடக்கூடாது.”

“இதுல கடைசியா யாரு இன்னா ஏத்துனீங்க?” என்று கேட்டேன்.

கோகிலா அண்ணனைப் பார்த்தாள். அண்ணன் தரையைப் பார்த்தார்.

“ஒரு பஸ் கேமுக்கா. வீடியோல லிங்க் போட்டிருந்தான். சங்கராபுரத்துல லோடுக்கு நின்னுக்கினு இருந்தப்ப லேப்டாப்பும் வண்டில இருந்துச்சி, போன்லேர்ந்து நெட் குடுத்து எறக்கிட்டேன். மலைக்குப் போயி ஏத்துனேன். நல்லாத்தான் ஓடுச்சி. எவ்ளோ மாசமாச்சி, ஒண்ணும் ஆவல.”

“பூட்டு போட்ட ஃபைலா இருந்துச்சா? பாஸ்வேர்டு போட்டுத் தொறக்கற மாதிரி?”

“ஆமா. பாதுகாப்பை ஆஃப் பண்ணிட்டு ஏத்துன்னு கூடவே எழுதியிருந்துச்சி. பண்ணேன்.”

நான் கோபக்காரி. அது உங்களுக்குச் சாதிக் சொல்லியிருப்பார். “ராத்திரிக்கு வரேன், நாயைக் கட்டிப் போட்டு வையின்னு ஒருத்தன் சீட்டு எழுதி அனுப்புனா கட்டிப் போடுவீங்களா?” என்று கேட்டுவிட்டேன்.

அவர் கோபித்துக்கொள்ளவில்லை. உண்மையிலேயே சந்தேகத்தோடு கேட்டார். “வூட்லதான் நெட்டே இல்லையேக்கா. நெட் இல்லாத வூட்டுக்கு வைரஸ் எப்டி வரும்?”

இந்தக் கேள்வியைக் குறித்துக்கொள்ளுங்கள். மலையிலிருந்து வரும் எல்லாருமே இதைக் கேட்பார்கள். நெட் இல்லாத ஊர் பத்திரமான ஊர் என்று நம்புவார்கள். வந்தது நெட் வழியாக இல்லை, கேமோடு சேர்ந்தே மலை ஏறிவிட்டது. மேலே போனதும் அதற்கு வெளியே போக வழி கிடைக்கவில்லை, அதனால் சும்மா கிடந்தது. கோகிலா பஸ் ஏறி இறங்கி வைஃபையைப் போட்டதும் வழி கிடைத்தது. பிரவுசரில் அவள் சேமித்து வைத்திருந்த பாஸ்வேர்டுகளை வாரிக்கொண்டு போய்விட்டது. மாதக்கணக்கில் ஒன்றும் ஆகாத மெஷின் அன்று பார்த்து ஏன் சொதப்பியது என்பதற்கு வேறு மர்மம் எதுவும் இல்லை.

ஆனால் ஒரு விஷயம் எனக்கு இடித்தது. பாஸ்வேர்டு தெரிந்தால் மட்டும் புது ஆளை மெயில் உள்ளே விடாது. பதிவு செய்த போனுக்கு “இது நீங்கள்தானா?” என்று கேட்கும். “பதிவு பண்ண போன் யாருது?” என்றேன்.

“அண்ணனோடது” என்றாள் கோகிலா. “என் போன்ல வூட்ல சிக்னலே இருக்காதுக்கா. அண்ணன்தான் கீழ சுத்திக்கினு இருக்கும். அதனால மெயிலு, ஸ்கூலு, எல்லாத்துக்கும் அண்ணன் நம்பர்தான்.”

மலையில் பல வீடுகளில் இதுதான் ஏற்பாடு. கீழே நடமாடும் ஒருவருடைய நம்பர்தான் வீட்டில் எல்லாருக்கும் நம்பர். நான் வெங்கடேசன் பக்கம் திரும்பினேன். “காலைல உங்க போனுக்கு எதுனா கேள்வி வந்துச்சா?”

“வந்துச்சி. நீங்கதானான்னு கேட்டுச்சி. ஆமான்னு தட்டுனேன்.”

கோகிலா அப்போதுதான் வாய்விட்டுக் கேட்டாள். “நீ ஏண்ணா ஆமான்னு போட்ட?”

“நீதான்னு நெனச்சேன் கோகிலா. நீ கீழ போயி மெயில் தொறக்கறன்னு எனக்குத் தெரியும்ல. உனக்கு லேட்டாயிடக் கூடாதுன்னு, தோள்ல இருந்த பழத்தக்கூட எறக்கி வெச்சுட்டு ஒடனே தட்டுனேன்.”

சாதிக் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். திருடியவனுக்குக் கோகிலா யாரென்றே தெரிந்திருக்காது. அவள் படிப்பும் தெரியாது, மலையும் தெரியாது. எங்கோ உட்கார்ந்து ஒரு மூட்டைப் பாஸ்வேர்டுகளை ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்திருக்கிறான். இந்தக் கதவு திறந்தது, உள்ளே போய்ப் பாஸ்வேர்டை மாற்றிவிட்டான், அவ்வளவுதான்.

அந்த நேரத்தில் வெங்கடேசனுடைய போன் மேஜைமேல் அதிர்ந்தது. திரையில் மறுபடியும் அதே கேள்வி. பதிவு செய்த நம்பரை மாற்றப் போகிறீர்கள், இது நீங்கள்தானா? கீழே ஆமாம், இல்லை என்று இரண்டு கட்டங்கள்.

அவர் விரல் அதுவாகவே ‘ஆமாம்’ பக்கம் போனது. நான் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டேன்.

“கோகிலாவுக்காகத்தானக்கா வந்திருக்குது? மெயில் திரும்பி வர்றதுக்கு?”

“கோகிலா கை எங்க இருக்குதுன்னு பாருங்க.”

அவள் கை மடியில் இருந்தது.

“லேப்டாப்பு மூடியிருக்குதா? சாதிக் எங்க நிக்கறாரு? என் கை உங்க கையப் புடிச்சுக்கினு இருக்குது. இந்த ரூம்ல யாராவது எதுனா கேட்டமா?”

“இல்ல.”

“அப்ப இத்த கேக்கறது யாரு?”

அவர் அந்தத் திரையைப் பார்த்த பார்வையை நான் மறக்கவில்லை. கடைக்குள் இன்னொரு ஆள் நிற்பதுபோலப் பார்த்தார். பிறகு ‘இல்லை’ என்பதை அழுத்தினார். அழுத்திய வேகத்தில் கண்ணாடி உடைந்து அதற்கும் நாமே வேலை பார்க்க வேண்டியிருக்குமோ என்று பயந்தேன். கொஞ்ச நேரத்தில் மறுபடியும் வந்தது. மறுபடியும் ‘இல்லை’. அந்த நம்பர் மட்டும் மாறியிருந்தால் எங்கள் கையில் பிடிப்பதற்கு எதுவும் மிச்சம் இருந்திருக்காது.

உங்களுக்கு நான் சொல்ல வந்த விஷயம் இதுதான். நாம் பரபரத்துக்கொண்டு ஆளுக்கு ஒரு பக்கம் தட்டிக்கொண்டிருந்தால், வரும் கேள்வி நம்முடையதா அவனுடையதா என்று யாருக்கும் தெரியாது. எல்லாரும் கையை எடுத்துவிட்டால் தெரிந்துவிடும். நேரமில்லாத நேரத்தில் சும்மா இருப்பது லேசான காரியம் இல்லை. வாடிக்கையாளர் நம்மை முறைப்பார். அன்று கோகிலாவும் சுவர்க் கடிகாரத்தையும் என்னையும் மாறி மாறித்தான் பார்த்தாள்.

“இந்த போன்ல எப்பனா உன் மெயிலைத் தொறந்திருக்கியாம்மா?” என்று கேட்டேன்.

“ரிசல்ட் வந்தப்ப தொறந்தேன்கா. சிக்னல் எடுக்கற வளைவுல நின்னுக்கினு அண்ணன் போன்லதான் பாத்தேன்.”

அது நல்ல சேதி. மெயில் கம்பெனிக்கு ஏற்கெனவே பழக்கமான போன் அது. என் கம்ப்யூட்டரில் திரை பெரிதாக இருக்கும், வேகமும் இருக்கும். ஆனால் அதை அந்த மெயிலுக்கு யாரென்றே தெரியாது. அதனால் கடை வைஃபைகூட வேண்டாம் என்று, வெங்கடேசனுடைய போனில் அவருடைய நெட்டிலேயே மீட்கும் பக்கத்தைத் திறந்தேன். கடைசியாக நினைவிருக்கும் பாஸ்வேர்டைக் கேட்டது, கோகிலா பழையதைப் போட்டாள். போன் அதிர்ந்தது. அதே கேள்வி, அதே இரண்டு கட்டங்கள்.

“இது நம்ம கேட்டது. இப்ப ஆமான்னு போடுங்க” என்றேன்.

அவர் போடவில்லை. விரலைத் தூக்கி வைத்துக்கொண்டு அப்படியே நின்றார்.

“நெஜமாவாக்கா?”

“நெஜமாத்தான்.”

அவருக்கு என்மேல் நம்பிக்கை வரவில்லை. அதில் தவறும் இல்லை. தங்கையைப் பார்த்துக் கேட்டார். “கோகிலா, நீதானா?”

“நான்தாண்ணா. போடு.”

பிறகுதான் போட்டார்.

அதற்கப்புறம் நடந்ததெல்லாம் நீங்கள் தினமும் செய்யும் வேலை. புதுப் பாஸ்வேர்டு வைத்தோம். உள்ளே இருந்த மற்ற எல்லாரையும் வெளியே தள்ளினோம். கலந்தாய்வுப் பக்கம் அனுப்பிய நம்பர் வந்தது. அந்தச் சின்னத் திரையிலேயே கோகிலா கல்லூரிப் பெயரைப் பெரிதாக்கி, சத்தமாக வாசித்து, அண்ணனையும் வாசிக்கச் சொல்லி, அப்புறம் உறுதி செய்தாள். சரியாகப் பதிவானது என்று வந்ததும் அவளுக்கு அழுகை வந்துவிட்டது. அழுதுகொண்டே அண்ணன் முதுகில் ஓங்கி ஒன்று வைத்தாள். அவர் அதைச் சந்தோஷமாக வாங்கிக்கொண்டார்.

சான்றிதழ்களை மட்டும் தனியாக எடுத்து, ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்த பிறகு, “இப்ப போடு” என்றேன் சாதிக்கிடம். காலையிலிருந்து காத்திருந்த ஃபார்மட்டை அவர் ஆசை தீரப் போட்டார்.

வெங்கடேசன் போகாமல் நின்றுகொண்டே இருந்தார். தலையைச் சொறிந்தார். “அக்கா... அந்தப் பஸ் கேமு?”

சாதிக்குக்குக் கோபம் வந்தது. எனக்குச் சிரிப்புதான் வந்தது. இந்த இடத்தில் உங்களில் பாதிப்பேர் உபதேசம் செய்வீர்கள். செய்யாதீர்கள். விளையாடவே கூடாது என்று சொல்லி அனுப்பினால் அந்த ஆள் நேராகச் சிவப்பு நூல் கட்டிய பென்டிரைவைத் தேடித்தான் போவார். அந்த கேமைச் செய்த கம்பெனி தானே நடத்தும் பக்கத்துக்கு நான் போனேன். இப்போது விற்கும் புதுப் பதிப்பை அந்த லேப்டாப் தாங்காது என்று அங்கேயே போட்டிருந்தது. அதே கம்பெனியின் பழைய கேம் ஒன்று தாங்கும். அதைக் காசு கொடுத்தே வாங்கினார். பாதுகாப்பு ஓடிக்கொண்டிருக்கும்போதே ஏற்றினோம், அது ஒரு வார்த்தை முனகவில்லை. அதே லேப்டாப்பில் அண்ணனுக்குத் தனிக் கணக்கு ஒன்று திறந்தோம். அதில் விளையாடலாம், எதையும் புதிதாக ஏற்ற முடியாது. ஏற்ற வேண்டுமென்றால் தங்கையின் பாஸ்வேர்டு வேண்டும். மேலே நெட் இல்லை என்பதால், கீழேயே ஒருமுறை ஓட்டிப் பார்த்து, நெட் இல்லாமல் ஓடும்படி மாற்றிக் கொடுத்தோம். மலைக்குக் கேம் ஏற்றும்போது இதை மறந்தீர்கள் என்றால் அவர்கள் மேலே போய்ச் சேர்ந்ததும் உங்களைத் திட்டுவார்கள். அது உங்கள் காதுக்கு வரத்தான் அங்கே சிக்னல் இருக்காது.

“இனிமே அந்தக் கேள்வி வந்தா இன்னா பண்ணுவீங்க?” என்று கிளம்பும்போது கேட்டேன்.

“இல்லன்னு போட்டுடுவேன். இவளா இருந்தா திரும்பத் தட்டுவா. திருடன்தான கோச்சுக்குவான்?”

பாதிப் பலாப்பழம் சின்னசேலத்தில் வெயிலில் கிடக்கிறது என்று அப்போதுதான் அவருக்கு நினைவு வந்தது. ஓடினார்.

நான் கடையை விடுவதற்குக் கொஞ்ச நாள் முன்பு, கோகிலா விடுமுறைக்கு வந்தவள் பேட்டரி மாற்றக் கடைக்கு வந்தாள். கால்நடை மருத்துவம் படித்துக்கொண்டிருந்தாள். கையில் மாட்டுக் கொம்பு கீறிய தழும்பு ஒன்று இருந்தது, அதைப் பெருமையாகக் காட்டினாள். பேட்டரியை மாட்டிவிட்டுப் பழக்க தோஷத்தில் அவள் மெயிலைப் பார்த்தேன். பதிவு செய்த நம்பர் இன்னும் வெங்கடேசனுடையதுதான்.

“ஹாஸ்டல்ல ஃபுல் சிக்னல் இருக்குமே. உன் நம்பரையே போட்டுக்கோ. அதான் சரி” என்றேன்.

“வேணாம்கா. அது அண்ணன் போன்லயே இருக்கட்டும்.”

“ஏம்மா?”

“நான் எங்கனா புதுசா மெயில் தொறந்தா அண்ணனுக்குக் கேள்வி போவுது. அது எங்க லோடு எறக்கிக்கினு இருந்தாலும் ஒடனே போன் பண்ணுது. ‘கோகிலா, நீதானா?’ன்னு கேக்குது. நான் சொல்ற வரைக்கும் தட்ட மாட்டேங்குது.” கொஞ்சம் சிரித்தாள். “காலேஜ் லேப்ல அப்பப்ப வேணும்னே தொறப்பேன்கா.”

தொழில்முறையில் அது தவறான ஏற்பாடுதான். நீங்கள் யாரும் வாடிக்கையாளருக்கு அப்படிச் செய்து கொடுக்கக் கூடாது. நான் மாற்றவில்லை. லேப்டாப்பை மூடி அவள் கையில் கொடுத்தேன்.